உணர்வைத் தாண்டி வெளியே போக முடியுமா? யோகாசாரம் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யோகாசாரம் என்பது என்ன?

மகாயான பௌத்தத்தின் இரண்டு பெரிய தத்துவப் பள்ளிகளில் ஒன்று. மற்றது நாகார்ஜுனரின் மாத்தியமிகம். புருஷபுரத்தில், அதாவது இன்றைய பெஷாவரில், பிறந்த அசங்கர், வசுபந்து என்ற சகோதரர்கள் நான்காம், ஐந்தாம் நூற்றாண்டுகளில் இதற்கு உருவம் கொடுத்தார்கள். விஞ்ஞானவாதம் என்றும் பெயர் உண்டு; இங்கே விஞ்ஞானம் என்பது அறிவியல் அல்ல, உணர்வு, அதாவது அறிதல். ஒரு பொருளைப் பார்க்கிறோம் என்று நாம் நினைக்கும்போது நமக்குக் கிடைப்பது அந்தப் பொருளைப் பற்றிய உணர்வு மட்டுமே. அந்த உணர்வை விட்டு வெளியேறி, அதை அசலோடு ஒப்பிட்டுப் பார்த்துவிட்டுத் திரும்பியவர் யாரும் இல்லை. இதுதான் தொடக்கப்புள்ளி. இங்கிருந்து எவ்வளவு தூரம் போகலாம், வெளிப்பொருளே இல்லை என்று சொல்லிவிடலாமா என்பதில்தான் ஆயிரத்து ஐந்நூறு ஆண்டுகளாகச் சண்டை.

'அவரவர் பார்வை அவரவருக்கு' என்பதைத்தானே இதுவும் சொல்கிறது?

இல்லை. யோகாசாரம் பற்றிய தவறான புரிதல்களில் முதலிடம் இதற்குத்தான். 'அவரவர் பார்வை' என்பது வாக்குவாதத்தை முடித்துக்கொண்டு வீட்டுக்குப் போவதற்காக நாம் சொல்லும் சமாதானம். அதன்படி எல்லோரும் சரி. யோகாசாரத்தின்படியோ எல்லோரும் பிழை; அதுவும் காரணகாரியத்தோடு, ஒரே தடத்தில் திரும்பத் திரும்ப நிகழும் பிழை.

வசுபந்துவின் 'விம்சதிகா' இருபது செய்யுள்களைச் சுற்றி எழுந்த சிறு நூல். அது தொடக்கத்திலேயே திமிரம் என்ற கண்நோய் வந்தவனைக் கொண்டுவந்து நிறுத்துகிறது. இல்லாத மயிரிழைகள் அவன் கண்முன் மிதக்கின்றன. நிலவு இரண்டாகத் தெரிகிறது. 'அது உங்கள் கோணம், மதிக்கிறேன்' என்று அவனிடம் யாரும் சொல்வதில்லை. வைத்தியரிடம் போகச் சொல்வார்கள். நம் எல்லோருடைய காட்சியும் அந்த நிலையில்தான் இருக்கிறது என்பது வசுபந்துவின் குற்றச்சாட்டு. முன்பு செய்தவை, பழகிய சொற்கள், விருப்பு வெறுப்புகள் ஆகியவற்றின் எச்சம் இந்த நொடியின் காட்சியை வடிக்கிறது. அதை நாம் தேர்ந்தெடுக்கவில்லை. பார்வை என்பதை நம் உரிமை என்று கொண்டாடுபவர்களுக்கு இந்தப் பள்ளியில் இடமில்லை. இங்கே அது தீர்க்க வேண்டிய பழைய கடன்.

வெளியே பொருளே இல்லையென்றால், மாமரம் ஏன் தோட்டத்தில் மட்டும் தெரிகிறது? சமையலறையில் ஏன் தெரிவதில்லை?

இந்தக் கேள்வியை வசுபந்துவே எதிராளியின் வாயில் வைத்துக் கேட்கிறார், நான்கு கிளைகளாக. ஒரு பொருள் குறிப்பிட்ட இடத்தில் மட்டும் ஏன் தெரிகிறது? குறிப்பிட்ட நேரத்தில் மட்டும் ஏன்? அங்கே நிற்கும் எல்லோருக்கும் ஏன் தெரிகிறது? கனவில் உண்ட சோறு பசியாற்றாதபோது நனவில் உண்ட சோறு மட்டும் ஏன் ஆற்றுகிறது?

முதல் இரண்டுக்கும் அவர் கனவைக் காட்டுகிறார். கனவில் வரும் தோட்டமும் எங்கும் எப்போதும் தெரிவதில்லை. ஓரிடத்தில், ஒரு பொழுதில்தான் தெரிகிறது. எனவே இட ஒழுங்கும் கால ஒழுங்கும் அமைய வெளிப்பொருள் தேவையில்லை. நான்காவதற்கு அவர் தரும் சான்று துறவியர் மடத்தில் எல்லோருக்கும் தெரிந்த சங்கடம்: கனவுக் கலவியில் பெண் இல்லை, ஆனால் விந்து வெளியேறுவது உண்மை. இல்லாத பொருளுக்கு இருக்கும் விளைவு. அந்தக் காலத் துறவிகள் வாதம் என்று வந்துவிட்டால் கூச்சம் பார்ப்பதில்லை.

மூன்றாவது கேள்வி அவ்வளவு எளிதில் தீராது. கனவு தனி மனிதனுடையது. நானும் நீங்களும் சேர்ந்து ஒரு கனவைக் காண்பதில்லை. ஆனால் மாமரத்தை இருவரும் காண்கிறோம்.

அந்த மூன்றாவது கேள்விக்கு என்ன பதில்?

பிரேதங்கள். பௌத்த உலகப் படத்தில் தீராத பசியோடும் தாகத்தோடும் அலையும் பிறவிகள். அவை ஆற்றை அணுகினால் நீர் தெரிவதில்லை, சீழ் ஓடுகிறது. ஒரு பிரேதத்துக்கு மட்டுமா? இல்லை, அங்கே வந்த அத்தனைக்கும் சீழ்தான். இல்லாத சீழைக் கூட்டமாகக் காண்கின்றன. ஏனென்றால் ஒரே வகை வினை அவற்றை ஒரே வகைக் கண்களோடு பிறக்க வைத்திருக்கிறது. பின்னால் வந்த உரைமரபு இதை இன்னும் விரித்து, தேவர்களுக்கு மணி பதித்த தளம், மனிதருக்கு நீர், மீனுக்கு வீடு, பிரேதத்துக்குச் சீழ் என்று நான்கு காட்சிகளாக்கியது. கிழக்காசிய மடங்களில் இன்றும் மாணவர்களுக்கு முதலில் சொல்லித் தரும் எடுத்துக்காட்டுகளில் இது ஒன்று.

இதைக் கேட்டவுடன் 'அப்படியானால் மனிதர் காணும் நீர்தானே சரி?' என்று தோன்றும். அந்த எண்ணத்தைப் பிடிப்பதற்காகவே இந்தக் கதை. நாம் பெரும்பான்மையாக இருக்கும் இடத்தில் நின்றுகொண்டு நம் காட்சியை அளவுகோலாக வைத்துக்கொள்கிறோம். பிரேதங்களின் சபையில் வாக்கெடுப்பு நடந்தால் சீழ் வென்றிருக்கும். பலருக்கும் ஒரே மாதிரி தெரிவதால் வெளியே பொருள் ஒன்று என்று நிரூபணம் ஆவதில்லை, பார்ப்பவர்கள் ஒரே மாதிரி வார்க்கப்பட்டிருக்கிறார்கள் என்பது மட்டுமே தெரியவருகிறது.

நரகக் காவலர் வாதம் என்று ஏதோ சொல்கிறார்களே?

விம்சதிகாவிலேயே எனக்கு மிகவும் பிடித்த பகுதி. நரகத்தில் பாவிகளை வதைக்கும் காவலர்கள் இருக்கிறார்கள் என்று எல்லா பௌத்தப் பிரிவினரும் ஒப்புக்கொண்டிருந்த காலம். வசுபந்து கேட்கிறார்: அவர்கள் உயிருள்ளவர்களா? உயிருள்ளவர்கள் என்றால், நரகத்தில் பிறக்கும் அளவுக்குப் பாவம் செய்தவர்களாக இருக்க வேண்டும். பாவம் செய்தவர்கள் என்றால் அவர்களும் வேக வேண்டும். பழுக்கக் காய்ந்த இரும்புத் தரையில் தாங்களே நிற்க முடியாதவர்கள் மற்றவர்களை எப்படி வதைப்பார்கள்? எனவே காவலர்கள் உயிர்களாக இருக்க முடியாது. ஆனால் நரகத்தில் உள்ளோர் அனைவரும் அவர்களைக் காண்கிறார்கள், அடி வாங்குகிறார்கள்.

இங்கே இல்லாத பொருள், பொதுவான காட்சி, உண்மையான வலி மூன்றும் ஒன்றாக வந்துவிட்டன. எதிராளி தன் சொந்த நம்பிக்கையை விட்டுக்கொடுத்தால்தான் தப்பிக்க முடியும். நரகத்தை நம்பாத இன்றைய வாசகருக்கு இது வெறும் வாதத் திறமையாகத் தோன்றலாம். ஆனால் ஒருவரை ஒருவர் வதைப்பவராகவே காணப் பழகிவிட்ட கூட்டங்களை நினைத்துப் பாருங்கள், வாதம் பழையதாகத் தெரியாது.

அணுக்கள் இருக்கின்றனவே? அவை வெளிப்பொருள்தானே?

அன்றைய வைபாடிகர் என்ற பௌத்தப் பிரிவினரும் வைசேடிகர் என்ற வைதிகப் பள்ளியினரும் இதைத்தான் சொன்னார்கள். வசுபந்துவின் மறுப்பு இது: ஓர் அணுவைச் சுற்றி ஆறு திசைகளிலும் ஆறு அணுக்கள் ஒட்டினால், நடுவில் உள்ளதற்கு ஆறு பக்கங்கள் உண்டு, பக்கமுள்ளது பிளக்க முடியாததாக இருக்காது. பக்கமே இல்லையென்றால் ஏழும் ஒரே இடத்தில் அடங்கிவிடும். எத்தனை சேர்த்தாலும் திரள் பெருக்காது. இன்றைய இயற்பியலின் அணுவுக்கு இது பொருந்தாது. அது பகுபடாதது என்று இப்போது யாரும் சொல்வதில்லை.

வசுபந்துவைத் தொடர்ந்து வந்த திக்நாகர் இதைக் கூர்மையாக்கினார். காட்சிக்கு இலக்காக ஒன்று இருக்க வேண்டுமானால் அது இரண்டு தகுதி பெற வேண்டும்: காட்சியை உண்டாக்க வேண்டும், காட்சியில் தெரியும் வடிவத்தையும் கொண்டிருக்க வேண்டும். அணு காட்சியை உண்டாக்கலாம், ஆனால் யாருக்கும் அணு வடிவத்தில் குடம் தெரிவதில்லை. திரள் வடிவத்தில் தெரிகிறது, ஆனால் திரள் என்று தனியாக ஒரு பொருள் இல்லாததால் அது எதையும் உண்டாக்காது. இரண்டு தகுதியும் உள்ளது உணர்வுக்குள் எழும் வடிவம் ஒன்றுதான். 'ஆலம்பன பரீட்சை' என்ற எட்டுச் செய்யுள் நூலில் இவ்வளவும் அடங்கிவிடுகிறது.

எல்லாம் உணர்வு என்றால், நான் தூங்கும்போது என் பழக்கங்களும் நினைவுகளும் எங்கே போகின்றன?

இதற்காகத்தான் ஆலய விஞ்ஞானம். ஐம்புலன் உணர்வுகள் ஐந்து, அவற்றைத் தொகுக்கும் மனம் ஆறாவது, எதைக் கண்டாலும் 'நான்' என்று ஒட்டிக்கொள்ளும் கறைபட்ட மனம் ஏழாவது. இவை அனைத்துக்கும் அடியில் எட்டாவதாக ஓடும் களஞ்சியம் ஆலயம். செய்த ஒவ்வொன்றும் அங்கே வித்தாக விழுகிறது. காலம் வரும்போது முளைத்துக் காட்சியாகிறது. அந்தக் காட்சிக்கு நாம் காட்டும் எதிர்வினை மறுபடியும் வித்தாகிறது. பூவோடு கிடந்த எள்ளை ஆட்டினால் எண்ணெயில் பூவின் மணம் வருவதைப் பழைய நூல்கள் உவமையாகச் சொல்கின்றன. பூ போய்விட்டது, மணம் தங்கிவிட்டது.

ஆன்மாவைப் பின்வாசல் வழியாக உள்ளே விட்டுவிட்டார்கள் என்று மற்ற பௌத்தர்களே குறை சொன்னார்கள். வசுபந்துவின் 'திரிம்சிகா' என்ற முப்பது செய்யுள் நூல் ஆலயத்தை வெள்ளத்தோடு ஒப்பிடுகிறது: ஓடிக்கொண்டே இருப்பது, எந்த நொடியிலும் அதே நீர் இல்லை. இந்தப் பதில் முழுத் திருப்தி தருவதில்லை என்பது என் எண்ணம்.

கனவில் கொலை செய்தால் தண்டனை இல்லை. நனவும் கனவு போன்றதுதான் என்றால், கொலைக்கு என்ன பழி?

வசுபந்து இதையும் கேட்டு வைத்திருக்கிறார். கனவில் மனம் உறக்கத்தால் மழுங்கியிருக்கிறது, அதனால் வினையின் பலன் வேறு. நனவில் ஒரு மனம் இன்னொரு மனத்தை நேரடியாகத் தாக்க முடியும். மரணம் என்பதே ஒருவரின் எண்ணம் இன்னொருவரின் உயிரோட்டத்தைக் குலைத்து அறுப்பதுதான். இதற்குச் சான்றாக, முனிவர்களின் சினத்தால் தண்டகம் போன்ற நாடுகள் அழிந்து காடான பழங்கதையை எடுக்கிறார். கத்தியும் கையும் காட்சி மட்டுமே என்றால் எஞ்சுவது எண்ணம். குற்றத்தின் முழுப் பாரமும் அதன்மேல் வந்து விழுகிறது. தப்பிக்க வழி தேடி இந்தத் தத்துவத்துக்கு வருபவர்கள் ஏமாந்துதான் போவார்கள்.

தமிழகத்துக்கும் இதற்கும் தொடர்பு உண்டா?

உண்டு, சாதாரணத் தொடர்பு இல்லை. சீனா, ஜப்பான், கொரியா மூன்றிலும் யோகாசாரம் பெரும்பாலும் எவருடைய விளக்கத்தின்படி பயிலப்பட்டதோ, அந்த தர்மபாலர் காஞ்சிபுரத்துக்காரர். ஆறாம் நூற்றாண்டு. நாலந்தாவில் ஆசிரியராக விளங்கியவர். அவருடைய மாணவர் சீலபத்திரர். சீலபத்திரரிடம் ஏழாம் நூற்றாண்டில் பாடம் கேட்டவர் சீனப் பயணி யுவான் சுவாங். ஊர் திரும்பிய யுவான் சுவாங், திரிம்சிகாவுக்கு இந்தியாவில் எழுந்த பத்து உரைகளையும் தனித்தனியே மொழிபெயர்க்க நினைத்தார். மாணவர் குய்ஜி அவரை வற்புறுத்தி, தர்மபாலரின் கருத்தை முடிந்த முடிபாக வைத்து ஒரே நூலாகத் தொகுக்கச் செய்தார். 659இல் முடிந்த அந்த 'செங் வெய்ஷி லுன்' நூல்தான் கிழக்காசிய யோகாசாரத்தின் அடித்தளம்.

யுவான் சுவாங்கின் பயணக் குறிப்பில் தர்மபாலரின் கதை வருகிறது. காஞ்சியில் ஓர் அமைச்சரின் மூத்த மகன். அரசகுமாரியை மணமுடித்துத் தர ஏற்பாடாகிறது. விருந்து நடக்கும் இரவில் அவர் புத்தர் சிலை முன் அமர்ந்து மனம் கலங்கி வேண்ட, தேவர் ஒருவர் அவரைத் தூக்கிக்கொண்டுபோய்த் தொலைவில் ஒரு மலை விகாரத்தில் இறக்கிவிடுகிறார். கதவைத் திறந்த துறவிகள் திருடன் வந்துவிட்டான் என்று நினைக்கிறார்கள். இளமையிலேயே, 32 வயதில், மறைந்தார் என்பது சீன மரபு.

ஒரு வேடிக்கை உண்டு. காஞ்சியைச் சுற்றி நூற்றுக்கும் மேற்பட்ட விகாரங்களும் பத்தாயிரம் துறவிகளும் இருந்ததாக எழுதும் யுவான் சுவாங், அவர்கள் அனைவரும் ஸ்தவிரம் என்ற பழைய பௌத்தப் பிரிவின் மரபினர் என்கிறார். அதாவது தர்மபாலரின் பள்ளி அவர் பிறந்த ஊரில் செல்வாக்குப் பெறவில்லை.

பாலி உரையாசிரியர் தம்மபாலர் இவர்தானா? போதிதர்மர்?

தம்மபாலர் வேறு ஒருவர். அவரும் தென்னாட்டவர், ஆனால் தேரவாதி, பாலியில் எழுதியவர். பெயர் ஒற்றுமையால் இருவரையும் குழப்பிக்கொள்வது இன்றும் நடக்கிறது.

போதிதர்மர் தம் மாணவருக்கு லங்காவதார சூத்திரத்தைக் கொடுத்தார் என்று பழைய சீன வரலாறு சொல்கிறது. இலங்கையில், இராவணன் முன்னிலையில் நிகழ்வதாக அமைந்த அந்தச் சூத்திரத்தில் 'அனைத்தும் சித்தமே' என்ற கருத்து திரும்பத் திரும்ப வருகிறது. தொடர்பு அவ்வளவுதான். அவரைப் பற்றிய மிகப் பழைய பதிவுகளில் காஞ்சியின் பெயர் இல்லை. ஒன்று மேற்றிசை நாட்டவர் என்கிறது, இன்னொன்று தென்னிந்திய மன்னனின் மூன்றாம் மகன் என்கிறது. போதிதர்மரைக் காஞ்சிக்காரராகக் கொண்டாடும் நம்மவர்கள் தர்மபாலரின் பெயரைக் கேள்விப்பட்டதே இல்லை என்பது எனக்குக் கொஞ்சம் எரிச்சல் தரும் விஷயம்.

தர்மபாலர் புதிதாக என்ன சொன்னார்?

உணர்வுக்கு எத்தனை பகுதி என்பது அன்று பெரிய விவாதம். காண்பதும் காணப்படுவதும் என்று இரண்டு போதும் என்றார் நந்தர் என்ற உரையாசிரியர். கண்டேன் என்று தன்னையே அறியும் மூன்றாவது பகுதி இல்லாமல் நினைவு சாத்தியமில்லை என்றார் திக்நாகர்: நேற்று நீலத்தைக் கண்டதோடு, கண்டதையும் நினைவுகூர்கிறோம். தர்மபாலர் நான்காவது ஒன்றைச் சேர்த்தார். மூன்றாவதை உறுதிப்படுத்துவது எது? அதை அறியும் நான்காவது. அப்படியானால் நான்காவதை அறிய ஐந்தாவது, ஆறாவது என்று போய்க்கொண்டே இருக்க வேண்டாமா? வேண்டாம், மூன்றாவதும் நான்காவதும் ஒன்றையொன்று சான்றளித்துக்கொள்ளும் என்று முடித்தார்.

இது முடிவில்லாத் தொடரை நிறுத்த வைத்த தடுப்புச் சுவரா, அல்லது உண்மையான கண்டுபிடிப்பா என்று பலமுறை யோசித்திருக்கிறேன். தடுப்புச் சுவர் என்றே படுகிறது. மூன்றாவதும் நான்காவதும் ஒன்றுக்கொன்று சாட்சி சொல்ல முடியுமானால், மூன்றாவது தனக்குத் தானே சாட்சி சொல்வதில் என்ன தடை? திக்நாகரே சிக்கனமானவர்.

மணிமேகலையில் இது வருகிறதா?

திக்நாகரின் அளவையியல் வருகிறது. 29ஆம் காதையில் காஞ்சியில் அறவண அடிகள் மணிமேகலைக்குக் கற்பிக்கும்போது, அளவைகள், அதாவது அறியும் வழிகள், காட்சியும் கருத்தும் (ஊகம்) என இரண்டே என்கிறார். பெயர், சாதி, குணம், செயல் ஆகியவற்றை ஒட்டவைப்பதற்கு முன்னால் உள்ள வெற்றுணர்வுதான் காட்சி என்கிறார். 'இது பசு, வெள்ளைப் பசு, நடக்கிறது' என்று சொல்லத் தொடங்கிய கணத்திலேயே நாம் காட்சியை விட்டுக் கற்பனைக்குள் போய்விட்டோம் என்பது திக்நாகரின் இலக்கணம். அதையே தமிழ்ச் செய்யுளில் படிக்கிறோம். திபெத்திய மரபு திக்நாகரையும் காஞ்சிப் பகுதியில் பிறந்தவராகச் சொல்கிறது.

ஆனால் மணிமேகலையை யோகாசார நூல் என்று சொல்லிவிட முடியாது. எட்டு உணர்வுகளோ ஆலய விஞ்ஞானமோ அதில் இல்லை. அடுத்த காதை, துன்பம் தோன்றும் காரணத்தொடரான பன்னிரண்டு சார்புகளை விளக்குகிறது. அது எல்லாப் பௌத்தர்க்கும் பொது.

எதிர்த்தவர்கள் யார்? அவர்களுடைய வலுவான வாதம் எது?

ஏறக்குறைய எல்லோரும் எதிர்த்தார்கள். பிரம்மசூத்திர உரையில் சங்கரர் கேட்பது நேரடியானது: தூணையும் சுவரையும் பார்ப்பவன் 'தூண், சுவர்' என்றுதான் உணர்கிறான், 'என் அறிவைப் பார்க்கிறேன்' என்று யாரும் உணர்வதில்லை. வயிறார உண்டு திருப்தியடைந்துகொண்டே 'நான் உண்ணவில்லை' என்பவன் பேச்சை எப்படி எடுத்துக்கொள்வது? உள்ளிருக்கும் வடிவம் 'வெளியே இருப்பது போல' தோன்றுகிறது என்ற திக்நாகரின் வரியையும் பிடித்துக்கொள்கிறார். 'விஷ்ணுமித்திரன் மலடி மகன் போல இருக்கிறான்' என்று யாராவது சொல்வார்களா? வெளி என்று ஒன்று அறவே இல்லையென்றால் 'போல' என்பதற்கு எது அளவு?

மீமாம்சைப் பள்ளியின் குமாரிலர் கனவையே பறிக்கிறார். கனவில் வருபவையும் எங்கோ, எப்போதோ வெளியே பார்த்தவைதான். இடமும் காலமும் மாறிப்போய்க் கலந்து வருகின்றன. எனவே கனவு வெளிப்பொருளுக்குச் சாட்சி, எதிர்ச்சாட்சி இல்லை. இதுவே வலுவான அடி என்பேன். விம்சதிகாவின் கட்டடத்தில் பாதி கனவின் மேல் நிற்கிறது.

தமிழில் 13ஆம் நூற்றாண்டில் அருணந்தி சிவாசாரியார் சிவஞான சித்தியாரில், பிற சமயங்களை மறுக்கும் பகுதியான பரபக்கத்தில், சௌத்திராந்திகன், யோகாசாரன், மாத்தியமிகன், வைபாடிகன் என நான்கு பௌத்தரையும் தனித்தனியே நிறுத்தி மறுக்கிறார். நாகப்பட்டினத்தில் அப்போதும் பௌத்தம் உயிரோடிருந்தது.

என் உணர்வு மட்டுமே எனக்குத் தெரியும் என்றால், நீங்கள் இருக்கிறீர்கள் என்று எனக்கு எப்படித் தெரியும்?

இந்தக் கேள்வியிடம்தான் பள்ளி உண்மையாகவே திணறியது. திணறலை மறைக்கவும் இல்லை. விம்சதிகாவே பிறர் மனத்தை அறிவது உள்ளபடி அறிவதாகாது என்று ஒப்புக்கொள்கிறது. காண்பவன், காணப்படுவது என்ற பிளவு இருக்கும்வரை யோகியின் அறிவும் அப்படித்தான்.

ஏழாம் நூற்றாண்டில், திக்நாகரின் அளவையியலை வளர்த்த தர்மகீர்த்தி இதற்கென்றே தனி நூல் எழுதினார். வெளிப்பொருளை ஏற்பவர்களும் பிறர் மனத்தை நேரே காண்பதில்லை; பேச்சையும் அசைவையும் கண்டு ஊகிக்கிறார்கள். நாங்களும் பேச்சாகவும் அசைவாகவும் எழும் காட்சியைக் கண்டு ஊகிக்கிறோம். உங்களுக்கு எது போதுமோ அது எங்களுக்கும் போதும் என்றார். சாமர்த்தியமான பதில், எதிராளியை ஒரு படிகூட முன்னே போக விடவில்லை, தானும் போகவில்லை.

11ஆம் நூற்றாண்டில் விக்கிரமசீலம் என்ற பெரிய விகாரத்தின் ரத்னகீர்த்தி அதே மரபுக்குள் இருந்துகொண்டே அதை உடைத்தார். என் மனம், பிறர் மனம் என்று எல்லைக்கோடு போட வேண்டுமானால் கோட்டின் இருபுறமும் தெரிய வேண்டும். ஒருபுறம்தான் தெரிகிறது. எனவே இறுதி நோக்கில் பிறர் மனம் என்பதை நிறுவ முடியாது. அதே காரணத்தால் 'என்' மனம் என்ற எல்லையும் நிற்காது. படிக்கும் எவருக்கும் முதலில் தலை சுற்றும். 'நான் மட்டுமே இருக்கிறேன்' என்று முடியும் என்று எதிர்பார்த்த வாதம், அந்த 'நானையும்' சேர்த்துக் கழற்றிவிடுகிறது.

அப்படியானால் மனம் ஒன்றே மெய் என்பதுதான் இறுதி முடிவா?

அதுவும் இல்லை. திரிம்சிகா தெளிவாகச் சொல்கிறது: 'இது உணர்வு மாத்திரமே' என்று ஒன்றை முன்னால் நிறுத்தி நினைக்கும்வரை, நீ அந்த நிலையில் இல்லை. தர்மபாலர் வழி வந்த சீன நூல் இன்னும் கறாரானது. உணர்வே மெய்ப்பொருள் என்று பற்றிக்கொள்வதும், வெளிப்பொருளைப் பற்றிக்கொள்வதைப் போன்ற பற்றுதான் என்கிறது. ஐரோப்பியக் கருத்துமுதல்வாதத்தோடு இதை இணைத்துப் பேசும் பலர் இந்த வரிகளைத் தாண்டிப்போய்விடுகிறார்கள்.

அறிவியல் இதை நிரூபித்துவிட்டது என்கிறார்களே?

பாதி தூரம்தான் கூட வரும். தேனீக்குப் புற ஊதா தெரியும், சிவப்பு தெரியாது. நாய்க்கு நிறம் உணரும் கூம்பணுக்கள் இரண்டு வகை, நமக்கு மூன்று. 2015இல் இணையத்தில் சுற்றிய ஓர் உடையின் படம் சிலருக்கு நீலமும் கறுப்புமாகவும் சிலருக்கு வெள்ளையும் பொன்னுமாகவும் தெரிந்தது. ஒரே இனத்துக்குள்ளும் காட்சி பிளவுபடும் என்று அன்று பலரும் வியந்தார்கள். ஆனால் இந்த விளக்கங்கள் எல்லாம் கண், மூளை, ஒளி என்ற வெளிப்பொருள்களை உறுதியாக வைத்துக்கொண்டு பேசுபவை. யோகாசாரி அங்கேயே நிறுத்திக் கேட்பார்: மூளை என்று ஒன்றை நீங்கள் அறிந்தது எப்படி? அதுவும் காட்சிதானே? அறிவியலைத் துணைக்கு அழைப்பவர்கள் இந்தக் கேள்வியை அது தாங்காது என்பதைக் கவனிப்பதில்லை.

கொரியத் துறவி மண்டையோட்டில் நீர் குடித்த கதை உண்மையா?

வோன்ஹ்யோ என்ற அந்தத் துறவி ஏழாம் நூற்றாண்டில் யோகாசாரம் படிக்கச் சீனாவுக்குப் புறப்பட்டவர். இரவில் தாகத்துக்குக் குடித்த இனிய நீர், விடிந்து பார்த்தால் மண்டையோட்டில் தேங்கியிருந்தது, குமட்டியது, மனமே எல்லாம் என்று உணர்ந்து பாதியிலேயே ஊர் திரும்பினார் என்பது கதை. 988இல் தொகுக்கப்பட்ட சீனத் துறவியர் வரலாற்றில் மண்டையோட்டு நீர் இல்லை. மழைக்கு ஒதுங்கிய இடம் குகை என்று நம்பி ஓர் இரவு நிம்மதியாக உறங்கினார். அது கல்லறை என்று தெரிந்த மறு இரவு பேய்கள் வந்தன. இந்த வடிவமே மேல். குமட்டல் உடம்புக்கு வரும். பேய் வர மனம் வேண்டும்.

இந்தப் பள்ளியில் ஒப்புக்கொள்ள முடியாதது ஏதாவது உண்டா?

எனக்கு உண்டு. சில உயிர்களிடம் விடுதலைக்கான வித்தே கிடையாது, அவை என்றைக்கும் புத்தநிலை அடையா என்ற கொள்கை. ஒன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஜப்பானில் இதன்மேல் தோகுயிட்சு என்ற யோகாசாரத் துறவிக்கும் தெந்தாய் பிரிவை நிறுவிய சாய்ச்சோவுக்கும் ஆண்டுக்கணக்கில் எழுத்துப் போர் நடந்தது. காட்சியின் எந்த வடிவமும் நிலையானதில்லை என்று வாதாடிய பள்ளி, பிறப்பிலேயே நிலையாகத் தாழ்ந்தவர்கள் உண்டு என்று சொன்னது பொருந்தவே இல்லை. நான் சாய்ச்சோ பக்கம்.

இன்றும் உயிரோடு இருக்கிறதா?

ஜப்பானில் ஹொஸ்ஸோ என்ற பெயரில் இருக்கிறது. 653இல் சீனா சென்று யுவான் சுவாங்கிடமே படித்த தோஷோ என்ற துறவி கொண்டுவந்தது. நாரா நகரின் கொஃபுகுஜி, யகுஷிஜி கோயில்கள் அதன் தலைமையிடங்கள். கொஃபுகுஜியில் சிற்பி உன்கெய் 13ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மரத்தில் செதுக்கிய அசங்கர், வசுபந்து சிலைகள் நிற்கின்றன. சீனாவில் குய்ஜியின் உரைகள் பல தொலைந்துபோய், 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் யாங் வென்ஹுயி என்ற பௌத்த அறிஞர் அவற்றை ஜப்பானிலிருந்து திரும்பப் பெற்று அச்சிட்ட பிறகே அங்கே படிப்பு மீண்டது. திபெத்திய மடங்களில் தர்மகீர்த்தி இன்றும் கட்டாயப் பாடம்.

எங்கிருந்து தொடங்கலாம்?

விம்சதிகாவிலிருந்து, வசுபந்துவின் சொந்த உரையோடு. வட்டார நூலகத்தில் கிடைக்கும் 'பௌத்தத் தத்துவ அறிமுகம்' வகை நூல்கள் ஆலய விஞ்ஞானத்திலிருந்து தொடங்கி வாசகரை விரட்டிவிடுகின்றன. விம்சதிகாவோ கேள்வியும் பதிலுமாகப் போகிறது. அதன் சமஸ்கிருத மூலத்தை 1925இல் சில்வேன் லெவி பாரிஸில் பதிப்பித்தார், அதன்பின் பல மொழிபெயர்ப்புகள் வந்துவிட்டன. அடுத்து ஆலம்பன பரீட்சை. பிறகு திரிம்சிகா. தமிழில் மட்டும் படிப்பவர்கள் மணிமேகலையின் 29ஆம் காதையை நல்ல உரையோடு எடுத்துக்கொள்ளலாம். அதோடு பரபக்கத்தின் யோகாசாரன் பகுதியையும் படியுங்கள். அங்கே யோகாசாரன் தோற்பதற்காகவே வந்திருக்கிறான். அதனால் அவன் வாதத்தை மட்டும் முதலில் தனியாகப் படித்துவிட்டு, மறுப்பை மறுநாள் படிப்பது நல்லது.